கட்டபெட்டு: ஒரு பக்கம் மட்டுமே செத்த பகை

கோத்தகிரியிலிருந்து வரும் சாலை கட்டபெட்டில் பிரிந்து ஊட்டிக்கும் குன்னூருக்கும் போகிறது. பஸ் மாறுகிறவர்கள் டீ குடிக்கும் சின்ன ஜங்ஷன். சுற்றிலும் ஹட்டிகள் எனப்படும் படகர் சமூகத்தின் ஊர்கள், சிறு விவசாயிகளின் தேயிலைத் தோட்டங்கள், அவர்களின் பச்சைத் தேயிலையை வாங்கும் கூட்டுறவுத் தொழிற்சாலை.

தேயிலை வருவதற்கு முன் நீலகிரியின் இந்தப் பக்கத்தில் ராகி, சாமை போன்றவை விளைந்தன. உழவு தொடங்கும் முன் படகர்கள் கீழ்க்காட்டிலிருந்து குறும்பர் பழங்குடியைச் சேர்ந்த ஒருவரை அழைத்து வருவார்கள். முதல் பிடி விதையை அவர் தூவ வேண்டும். முதல் கதிரையும் அவரே அறுக்க வேண்டும். இந்த ஹட்டிக்கு இந்தக் குறும்பர் குடும்பம் என்று தலைமுறை தலைமுறையாக முறை இருந்தது. கூலி, தானியம்.

விதை தூவிய அதே கையைக் கண்டு பயமும் இருந்தது. மாடு செத்தாலும் பிள்ளைக்கு நோய் வந்தாலும் குறும்பர் வைத்த சூனியம் என்றார்கள். 1835-ல் மட்டும் 48 குறும்பர்கள் கொல்லப்பட்டார்கள். 1875-லும் 1882-லும் மறுபடி கொலைகள். 1900-ல் ஒரு குடும்பத்தையே அழித்தார்கள். குடும்பத் தலைவர் மருந்து கொடுப்பதில் பேர்பெற்றவர். ஒரு படகர் ஊருக்கு அவர்தான் நோயையும் சாவையும் கொண்டுவந்தார் என்று நம்பியிருக்கிறார்கள். வட்டாரமே கொன்றவர்கள் பக்கம் நின்றதால் துப்புத் துலக்குவதே கடினமாயிற்று, குற்றம் சாட்டப்பட்டவர்கள் விடுதலையானார்கள் என்று 1908-ல் வெளியான நீலகிரி கெஜட்டியரில் அதன் ஆசிரியர் பிரான்சிஸ் எழுதுகிறார்.

இதைப் படகர்-குறும்பர் பகை என்று சொல்லிவிடுவது வழக்கம். எனக்கு அதில் உடன்பாடில்லை. பகை என்றால் இரண்டு பக்கமும் அடி விழ வேண்டும். இங்கே சாட்சி சொல்லக்கூட ஆளில்லாமல் செத்தது காட்டுக்குள் சிதறிக் கிடந்த சிறு கூட்டம். மூடநம்பிக்கை என்று மட்டும் சொன்னால் பாதிதான் சொன்னதாகும். ஆள்பலம் இல்லாதவர் மீதுதான் பழி சுலபமாக ஒட்டியது.

இன்று ஹட்டிகளில் விதைப்பே குறைந்துவிட்டது. குறும்பரை அழைக்கும் முறையும் அதோடு பெரும்பாலும் போயிற்று. குறும்பர்கள் தேனெடுக்கிறார்கள், எஸ்டேட் வேலைக்கும் போகிறார்கள். கோத்தகிரிக்குக் கீழே வெள்ளரிக்கொம்பையில் ஆலு குறும்பர் என்ற பிரிவினர் வேங்கைப் பிசினையும் இலைச்சாற்றையும் குழைத்து ஓவியம் தீட்டுகிறார்கள். தேனடை, திருவிழா, காடு எல்லாம் அவற்றில் உண்டு.

கோத்தகிரிக்கு வருகிறவர்கள் கன்னேரிமுக்கில் ஆங்கிலேயக் கலெக்டர் சலிவன் 1819-ல் கட்டிய பங்களாவைப் பார்த்துவிட்டு, மலையின் வரலாறு தெரிந்துவிட்டது என்று திரும்புகிறார்கள். அடுத்த முறை வெள்ளரிக்கொம்பைக்கும் போய் வாருங்கள். அங்கேயே ஓவியம் வாங்குங்கள், வரைந்தவரிடம் பேரம் பேசாமல்.