தேட வேண்டியது கோப்பையா, தொகுப்பையா?

விளையாட்டு ஒன்றைக் கணினியில் திறக்க முயலும்போது, ‘டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் கோப்பைக் காணவில்லை’ என்று திரை அறிவிப்பதைப் பலரும் கண்டிருப்பீர்கள். டிஎல்எல் என்பது பல நிரல்கள் பகிர்ந்து பயன்படுத்தும் நிரல் நூலகம். ஆய்வேட்டில் ஒரு நூலை முழுவதும் படியெடுத்துச் சேர்க்காமல் அடிக்குறிப்பில் சுட்டுகிறோம் அல்லவா? விளையாட்டை உருவாக்கியோரும் அவ்வாறே சுட்டுகின்றனர். குறிப்பு இருக்கிறது, நூல் அலமாரியில் இல்லை என்பதே அப்பிழைச் செய்தியின் பொருள்.

தில்லியில் நான் தங்கியிருக்கும் விடுதியில், இத்தகைய சிக்கலோடு என் கதவைத் தட்டுவோர் உண்டு. சென்ற மாதம் வந்த இளைய ஆய்வாளர், அந்த ஒரு கோப்பை மட்டும் இலவசமாகத் தரும் முகமறியாத தளத்தைத் திறந்து வைத்திருந்தார். பதிவிறக்கப் பொத்தானை அழுத்துவதுதான் பாக்கி. அதே மடிக்கணினியில் அவரது மூன்றாண்டுக் களப்பணியின் நேர்காணல்கள் இருந்தன. வேறெங்கும் படி இல்லை.

முதலில் அவற்றை வெளி வன்தட்டில் படியெடுக்கச் செய்தேன். பிறகு, காணாமற்போன கோப்பு எத்தொகுப்பைச் சேர்ந்தது என்று பார்த்தோம். அது மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் உள்ளது. விண்டோஸ் 10, 11 ஆகியவற்றில் டைரக்ட்எக்ஸ் 12 இருப்பினும், இப்பழைய துணைக்கோப்புகள் இயல்பாக இடம்பெறுவதில்லை. தொகுப்பை அந்நிறுவனத்தின் தளத்திலிருந்தே பெற்று நிறுவினோம், விளையாட்டு திறந்தது.

எம்எஸ்விசிபி140 என்னும் பெயர் வந்தால், விஷுவல் சி பிளஸ் பிளஸ் 2015 முதலான பதிப்புகளுக்குரிய பொதுத் தொகுப்பு வேண்டும். விண்டோஸ் 64 பிட்டாயினும், 32 பிட் விளையாட்டுக்கு எக்ஸ்86 வடிவமே தேவை. ஆகவே இரு வடிவங்களையும் நிறுவுதல் நலம். கோப்பைக் கையால் சிஸ்டம்32 கோப்புறையில் இடுவோர் இடறுவதும் இங்கேதான். 64 பிட் விண்டோஸில் அக்கோப்புறை, பெயருக்கு மாறாக, 64 பிட் கோப்புகளுக்கு உரியது.

விளையாட்டு திறக்காவிட்டால் ஒரு மாலைப்பொழுது வீணாகும், அவ்வளவே. ஊர்பேர் தெரியாத கோப்பில் தீநிரல் ஒளிந்திருந்தால், நம்மை நம்பிப் பேசியவர்களின் சொற்கள் அழியலாம், அயலார் கைக்கும் போகலாம். அச்சொற்களைக் காக்கும் பொறுப்பு, ஒப்புதல் படிவத்தில் கையொப்பம் பெற்றதோடு முடிவதில்லை.