விதி கெடாத வீடு: எஃப்திமிஸ் ஃபிலிப்பூவின் திரைக்கதைக் கலை

பார்வையாளரை நிலைகுலைய வைக்கும் படத்துக்கு இருளும் குருதியும் அலறலும் வேண்டும் என்னும் பரவலான எண்ணத்துக்குக் கிரேக்கத் திரைக்கதையாசிரியர் எஃப்திமிஸ் ஃபிலிப்பூவின் எழுத்து வலுவான மறுப்பாக நிற்கிறது. விளம்பரத் துறையில் பணியாற்றிவந்த அவர், இயக்குநர் யோர்கோஸ் லாந்திமோஸுடன் இணைந்து எழுதிய 'டாக்டூத்', 2009ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் புதுப் போக்குடைய படங்களுக்கான 'அன் செர்டன் ரிகார்ட்' பிரிவில் முதற்பரிசு பெற்றபோதுதான், இந்தப் புதிய எழுத்தாளரை உலகம் கவனிக்கத் தொடங்கியது.

வளர்ந்துவிட்ட மூன்று பிள்ளைகளை வேலிக்குள்ளேயே அடைத்து வைத்திருக்கும் பெற்றோர், பூனையே மிகக் கொடிய விலங்கு என்றும், கோரைப்பல் விழுந்த பின்னரே வீட்டைவிட்டு வெளியேறலாம் என்றும் அவர்களுக்குக் கற்பிப்பதே படத்தின் கதை. முதிர்ந்தவரின் பல் தானாக விழுவதில்லை என்பதால் இந்த அனுமதி உண்மையில் நிரந்தரத் தடையே. ஆனால் மூத்த மகள் உடற்பயிற்சிக்கான இரும்புக் குண்டால் தன் பல்லைத் தானே உடைத்துக்கொண்டு, தந்தையின் காரின் பின்பெட்டியில் ஒளிந்துகொள்கிறாள். தப்பிக்கும் தருணத்திலும் அவள் விதியை மீறாமல், அதை எழுத்துப் பிசகாமல் நிறைவேற்றுகிறாள் என்பதில்தான் இத்திரைக்கதையின் முழுக் கொடூரமும் அடங்கியிருக்கிறது.

பொய்யான ஒரு விதியை விளக்கமின்றி நிறுவி, அதன் விளைவுகளைச் சலுகையின்றி இறுதிவரை பின்தொடர்வது என்று ஃபிலிப்பூவின் முறையை வரையறுக்கலாம். 45 நாளில் துணை தேடிக்கொள்ளாதவர் விலங்காக மாற்றப்படும் 'தி லாப்ஸ்டர்' (2015), ஒரு மரணத்துக்கு ஈடாக அறுவை மருத்துவர் தம் குடும்பத்தில் ஒருவரைக் கொன்றாக வேண்டிய 'தி கில்லிங் ஆஃப் எ சேக்ரட் டீர்' (2017) ஆகியவையும் இவ்வழியில் உருவானவையே. பின்னதன் வேர் யூரிப்பிடீஸின் இஃபிகேனியா நாடகம் வரை செல்கிறது. கானில் சிறந்த திரைக்கதைக்கான பரிசை அது மற்றொரு படத்துடன் பகிர்ந்துகொண்டது.

இத்தகைய எழுத்துக்கு உயிர் தருவதில் பிறருடைய உழைப்புக்கும் பங்குண்டு: உணர்ச்சி கலவாத உரையாடலை அதே தட்டையான குரலில் பேசும் ஆங்கெலிகி பபூலியா போன்ற நடிகர்களும், பகல் வெளிச்சத்திலேயே மனிதத் தலைகளைச் சட்டகத்துக்கு வெளியே விட்டுவிடும் ஒளிப்பதிவாளர் திமியோஸ் பகட்டாகிஸும், படத்தொகுப்பாளர் யோர்கோஸ் மவ்ரோப்சாரிடிஸும் அந்த விதியை நம்பியே வேலை செய்கின்றனர். இவர்களுள் எவரேனும் ஒருவர் காட்சியின் விபரீதத்தைச் சுட்டிக்காட்ட முனைந்தாலும் அது வெறும் விநோதமாகச் சுருங்கிவிடும்.

'கிரேக்க விசித்திர அலை' எனப்படும் இந்தப் படங்களைக் கிரேக்கப் பொருளாதார நெருக்கடியின் உருவகமாக வாசிப்போர் பலர். எனினும் அந்நெருக்கடி 2009இன் இறுதியில்தான் வெடித்தது, 'டாக்டூத்' அதற்கு முன்பே, அவ்வாண்டின் மே மாதத்தில் திரையிடப்பட்டுவிட்டது. ஆகவே அதன் அச்சம் கடன் சுமையைவிட ஆழமான ஓரிடத்திலிருந்து பிறக்கிறது: பாதுகாப்பு என்ற பெயரில் அறியாமையை வளர்க்கும் அன்பு, கீழ்ப்படிதலையே ஒழுக்கம் என்று நம்பும் குடும்பம். இருண்ட கதைகளை எழுத முனையும் எவரும் ஃபிலிப்பூவிடம் பயில வேண்டியது, அரக்கர்களைப் படைக்கும் வித்தையை அன்று, நல்லவர்களாகத் தம்மைக் கருதுவோர் நாள்தோறும் பேணும் விதிகளை இமைகொட்டாமல் நோக்கும் துணிவையே.