சீனாவுக்குப் போய் என்ன சாப்பிட்டீர்கள்?



ஓகஸ்ட் விடுமுறையில் சீனா போய்வந்ததிலிருந்து ஊரில் எங்களைக் காண்பவர்கள் எல்லோரும் கேட்பது ஒரே கேள்விதான். பெருஞ்சுவர் பார்த்தீர்களா என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. "அங்க போய் என்னத்த சேர் திண்டீங்க?" என்றுதான் கேட்கிறார்கள். கேட்டுவிட்டு ஒரு நமுட்டுச் சிரிப்பு வேறு. பாம்பும் தவளையும் பன்றியும் தவிர அந்த நாட்டில் வேறெதுவும் அடுப்பில் ஏறாது என்ற நினைப்பு. ஆளாளுக்குப் பதில் சொல்லிக் களைத்துவிட்டதால் எல்லோருக்கும் சேர்த்து இங்கே எழுதுகிறோம். கொஞ்சம் நீளம்தான். ஒரு பிளேன்டீயை ஊற்றி வைத்துக்கொண்டு வாசியுங்கள்.

நாங்கள் என்றால், ஆசிரியர் கலாசாலையில் ஒன்றாகப் படித்த நான்கு பேர். போன இடம் குன்மிங். தென்மேற்குச் சீனாவில் மியன்மார், லாவோஸ், வியட்நாம் மூன்றையும் தொட்டுக்கொண்டிருக்கும் யுன்னான் மாகாணத்தின் தலைநகர் அது. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,900 மீற்றர், அதாவது எங்கள் நுவரெலியாவின் உயரம். ஆனால் இது பல மில்லியன் மக்கள் வாழும் பெருநகரம்.

அங்கே காலை உணவும் கோப்பியுமாக ஒரு நடைப் பயணம் இருந்தது. வழிகாட்டி ஒருவர் மூன்று மணி நேரம் கடை கடையாக நடத்திச் சென்று சாப்பிட வைத்து, கடைசியில் கோப்பியோடு முடிப்பார். பதிவு செய்யும்போதே "நாங்கள் முஸ்லிம்கள், ஹலால் மட்டும்தான்" என்று எழுதிவிட்டோம். "இந்த ஊரில் அது ஒரு பிரச்சினையே இல்லை" என்று பதில் வந்தது. உண்மையைச் சொன்னால் அந்தப் பதிலை நாங்கள் முழுதாக நம்பவில்லை. பைக்குள் பிஸ்கட்டும் பேரீச்சம்பழமும் இருந்தன.

முழுச் சீனாவுக்கும் பெய்ஜிங் நேரம் ஒன்றுதான். குன்மிங் மேற்கே வெகுதூரத்தில் இருப்பதால் கடிகாரம் ஏழை நெருங்கும்போதுதான் சூரியன் எட்டிப் பார்க்கிறது. சுபஹு தொழுதுவிட்டு ஆறுதலாக வெளிக்கிட்டோம். மழைக்காலம் என்பதால் தெருவெல்லாம் ஈரம். எங்களுக்காகக் காத்திருந்த வழிகாட்டி இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒரு தங்கச்சி. முஸ்லிம் அல்ல, ஹான் இனத்தவர். நாங்கள் ஆசிரியர்கள் என்று தெரிந்ததும் எங்கள் பெயர்களைக் கேட்கவே இல்லை. அன்று முழுக்க "லாவ்ஷி, லாவ்ஷி" என்றே கூப்பிட்டார். ஆசிரியரை மரியாதையாக விளிக்கும் சீனச் சொல் அது. எங்கள் ஊர் "சேர்" மாதிரி.

முதலில் கூட்டிப்போனது ஷுன்செங் பள்ளிவாசல் பக்கம். குன்மிங்கின் பழைய முஸ்லிம் தெரு அங்கேதான் இருந்தது. தெரு இப்போது உயர்ந்த கடைத்தொகுதிகளாக மாறிவிட்டது. பள்ளி மட்டும் அவற்றின் நடுவே நிற்கிறது. பக்கத்துச் சிறிய கடையொன்றின் பச்சைப் பலகையைக் காட்டி, இரண்டு எழுத்துகளை மனப்பாடம் செய்யச் சொன்னார் தங்கச்சி. "இந்த இரண்டும் தெரிந்தால் சீனாவில் எங்கேயும் பசி கிடக்க மாட்டீர்கள், லாவ்ஷி" என்றார்.

சிங், ஜென். முதல் எழுத்துக்குத் தூய்மை என்று பொருள், இரண்டாவதற்கு உண்மை. சீன முஸ்லிம்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே தங்கள் மார்க்கத்தைச் சொல்லத் தேர்ந்தெடுத்த சொற்கள் இவை. பள்ளிவாசலுக்கும் அதே பெயர்தான்: சிங்ஜென்சி, தூய உண்மையின் ஆலயம். ஹலால் உணவுக்கும் அதே பெயர்தான்: சிங்ஜென். அரபு தெரியாத ஒரு சீனர் அந்தப் பலகையை வாசித்தால், அவருடைய சொந்த மொழியிலேயே "தூய்மையானது, உண்மையானது" என்று விளங்கும்.

உள்ளே மாட்டெலும்பு போட்டுக் கொதிக்கும் பெரிய அண்டா. அதில் "மிஷியன்" என்ற அரிசி நூடில்ஸ். இடியப்பத்தின் சீனத்து மச்சான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அரிசி மாவைத் துளைகள் வழியே பிழிந்தெடுப்பதுதான் அங்கேயும். நாங்கள் அதை அவித்துச் சொதியோடு சாப்பிடுகிறோம், அவர்கள் சூப்பில் மிதக்க விடுகிறார்கள். மேலே மெல்லிய இறைச்சித் துண்டுகள், ஊறவைத்த கீரை, மிளகாய் எண்ணெய், கை நிறையப் பச்சைப் புதினா. மாட்டிறைச்சிக்குப் புதினா யுன்னான்காரரின் கைப்பக்குவம். பிஸ்மில்லாஹ் சொல்லிக் குடித்த முதல் கரண்டியிலேயே பையிலிருந்த பிஸ்கட் மறந்துபோனது.

ஆனால் எங்களைச் சாப்பாட்டை விட யோசிக்க வைத்தது வரிசையில் நின்ற ஆட்கள்தான். தொப்பி போட்ட இரண்டு முதியவர்களைத் தவிர மற்றவர்கள் யாரும் முஸ்லிம்களாகத் தெரியவில்லை. அலுவலகம் போகிறவர்கள், தலைக்கவசத்தோடு கட்டட வேலையாட்கள், பேரப்பிள்ளையை இடுப்பில் வைத்திருந்த ஒரு மூதாட்டி. "இவர்கள் ஏன் இங்கே வருகிறார்கள்?" என்று கேட்டோம். தங்கச்சிக்கு அந்தக் கேள்வியே விளங்கவில்லை. "மாட்டிறைச்சி என்றால் ஹுய் கடைதான். சுத்தம் என்று அம்மா சின்ன வயதிலிருந்தே இங்கேதான் கூட்டி வருவார்" என்றார்.

2013இல் எங்கள் நாட்டில் ஹலால் இலச்சினை பட்ட பாட்டை நாங்கள் யாரும் மறந்திருக்க மாட்டோம். எங்களுக்கு அது ஒரு நிம்மதியின் அடையாளம். பக்கத்து வீட்டுக்காரருக்கு அது என்னவென்றே தெரியாத ஓர் எழுத்து. தெரியாததை வைத்துப் பயமுறுத்துவது சுலபம். அந்தப் பச்சைப் பலகையின் கீழே கிண்ணத்தை ஏந்திக்கொண்டு எங்கள் நால்வருக்குள்ளும் ஓடியது அந்த நினைவுதான்.

அதற்காகச் சீன முஸ்லிம்களின் வாழ்க்கை பாலும் தேனுமாக ஓடியது என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். யுன்னானில் இஸ்லாம் வேர்விட்டது மங்கோலியர் காலத்தில். புகாராவைச் சேர்ந்த சையித் அஜல் ஷம்சுத்தீன் உமரை, குப்லாய் கான் 1274இல் இந்த மாகாணத்தின் ஆளுநராக அனுப்பினார். அவர் பள்ளிவாசலும் கட்டினார், கன்பூசியஸ் கோயிலும் கட்டினார், ஏரி நீரை வயல்களுக்குத் திருப்பினார். அவருடைய அடக்கத்தலம் குன்மிங்கில்தான் இருக்கிறது. அவ்வளவு ஆழமாக வேர்விட்ட சமூகத்தை 1856இல் இதே நகரத்தில் கூட்டங்கூட்டமாகக் கொன்றார்கள். அதைத் தொடர்ந்த கிளர்ச்சி 1873 வரை நீடித்து இரத்தத்தில் முடிந்தது. எங்கள் காலத்திலும், பெய்ஜிங்கில் ஹலால் கடைப் பலகைகளிலிருந்து அரபு எழுத்தை அகற்றச் சொன்ன செய்தி 2019இல் உலகம் முழுக்க வந்தது. பக்கத்து வீட்டார் வந்து சாப்பிடுவதால் மட்டும் ஒரு சமூகத்துக்குப் பாதுகாப்பு வந்துவிடாது. ஆனாலும் இத்தனைக்கும் பிறகு அந்த அண்டா இன்னும் கொதிக்கிறது, வரிசையும் நிற்கிறது. அதுவும் உண்மைதான்.

அடுத்து ஜுவான்சின் சந்தை. மழைக்காலம் யுன்னானில் காளான் காலம். நாங்கள் ஆயுளில் கண்டிராத நிறங்களில் காளான்கள் குவிந்து கிடந்தன. ஒரு வகையைக் கையால் தொட்டால் தொட்ட இடம் நீலமாகிவிடுகிறது. நன்றாக வேகவைக்காமல் சாப்பிட்டால் கண் முன்னே குட்டி மனிதர்கள் நடனமாடுவார்களாம். பகிடி இல்லை, ஒவ்வொரு வருடமும் இதனால் வைத்தியசாலைக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். நாங்கள் பார்வையோடு நிறுத்திக்கொண்டோம்.

ஒரு ஹுய் பெண்ணின் தட்டியில் "அர்குவாய்" சாப்பிட்டோம். சோற்றை இடித்து வட்டமாகத் தட்டி, கரி அடுப்பில் சுட்டு, காரமான கூட்டு ஒன்றைத் தடவி மடித்துத் தருவார்கள். பக்கத்திலேயே பட்டாணி மாவில் கிண்டிய கஞ்சி, மேலே மல்லித்தழையும் மிளகாய் எண்ணெயும். ரோஜா இதழ் வைத்த வட்டக் கேக்கும் அந்த ஊரில் பேர்போனது. வாங்கக் கை நீட்டியபோது தங்கச்சி தடுத்துவிட்டார். "இந்தக் கடையில் வேண்டாம் லாவ்ஷி, பன்றிக் கொழுப்பு சேர்த்திருக்கலாம். சிங்ஜென் கடையில் வாங்கித் தருகிறேன்" என்றார். முஸ்லிம் அல்லாத ஒரு பிள்ளை எங்கள் ஹராமை எங்களுக்காகக் கவனித்துக்கொண்டது. அந்த இரண்டு எழுத்தின் பொருள் அவருக்குத் தெரிந்திருந்ததால்தான் அது முடிந்தது.

கடைசியாகக் கோப்பி. சீனா என்றால் தேயிலை என்றுதான் நினைத்திருந்தோம். ஆனால் சீனாவில் விளையும் கோப்பியில் 95 வீதத்துக்கும் மேல் இந்த ஒரே மாகாணத்திலிருந்துதான் வருகிறது. பூஅர், பாவ்ஷான் பக்கத்து மலைகளில் விளைகிறது. நூறு வருடங்களுக்கும் முன்பு பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர் இங்கே கோப்பிச் செடி கொண்டுவந்து நட்டதாகச் சொல்கிறார்கள். நாங்கள் போன சின்னஞ்சிறு கடையில் ஓர் இளைஞர் தூளை நிறுத்து, வடிதாளில் போட்டு, சுடுதண்ணியைச் சொட்டுச் சொட்டாக ஊற்றினார். சீனியுமில்லை, பாலுமில்லை. வீட்டில் மல்லியும் இஞ்சியும் போட்டு இடித்த கோப்பி குடித்து வளர்ந்த எங்களுக்குப் புளிக்கும் பழச்சாறு மாதிரி இருந்தது. மூன்றாவது மிடறில் நாக்குப் பழகிவிட்டது.

இது என்ன வகைச் செடி என்று கேட்டபோது "காட்டிமோர்" என்றார் இளைஞர். எங்களில் விஞ்ஞானம் கற்பிப்பவர் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டார். காரணம் இருக்கிறது. எங்கள் மலைநாட்டில் முதலில் வந்தது தேயிலை அல்ல, கோப்பி. தென்னிந்தியாவிலிருந்து மக்களைக் காடு மேடெல்லாம் நடக்கவைத்துக் கொண்டுவந்தது கோப்பித் தோட்டங்களுக்காகத்தான். 1869இல் இலைத்துரு நோய் கண்டது. இருபது வருடத்துக்குள் இலங்கைக் கோப்பி முடிந்துபோனது. தேயிலை அந்த இடத்துக்கு வந்தது. இந்தத் துருவுக்கு ஈடுகொடுக்கும் செடி வேண்டுமென்று 1959இல் போர்த்துக்கலில் ஒட்டுச்சேர்த்து உருவாக்கிய வகைதான் காட்டிமோர். எங்கள் மலைகளை மொட்டையாக்கிய நோயை எதிர்க்கப் பிறந்த செடி, யுன்னானின் மலைகளில் காய்க்கிறது. அதன் சாறு எங்கள் கோப்பையில் இருந்தது.

இன்னொன்றும் அந்த மேசையில்தான் பேசிக்கொண்டோம். யெமன் நாட்டு சூஃபிகள் இரவு திக்ருக்குக் கண்விழிக்கக் குடித்த "கஹ்வா"தான் உலகம் சுற்றி எங்கள் வாயில் "கோப்பி"யாகவும், சீனர் வாயில் "காஃபெய்"யாகவும் ஆனது. நாங்கள் "தேத்தண்ணி" என்கிறோமே, அந்தத் "தே" சீனாவின் தென்கிழக்குக் கரையோரத்துச் சொல். எங்கள் வீட்டு அடுப்பில் காலையில் கொதிக்கும் இரண்டில் ஒன்றின் பெயர் அரபு நாட்டிலிருந்து வந்தது, மற்றதன் பெயர் சீனத்திலிருந்து வந்தது.

விடைபெறும்போது தங்கச்சி கேட்டார்: "ஜெங் ஹ உங்கள் நாட்டுக்கு வந்தவர்தானே லாவ்ஷி?" ஆமாம், அவரேதான். பெரும் கப்பற்படையோடு 1405 முதல் 1433 வரை ஏழு தடவை இந்து சமுத்திரத்தில் பயணம் செய்த அந்தத் தளபதி, குன்மிங்குக்குத் தெற்கே ஏரிக்கரையிலுள்ள குன்யாங்கில் 1371இல் பிறந்த ஹுய் முஸ்லிம். குடும்பப் பெயர் மா. தந்தையும் பாட்டனும் ஹாஜிகள். சிறுவனாக இருந்தபோதே மிங் படையினர் பிடித்துச் சென்று அரண்மனைச் சேவகனாக்கினார்கள்.

அவருடைய கல் எங்கள் நாட்டில் இருக்கிறது. 1409ஆம் ஆண்டுத் தேதியிட்ட அந்தக் கல்வெட்டு 1911இல் காலியில் ஒரு மதகின் மேல் மூடுகல்லாகக் கிடந்து கண்டெடுக்கப்பட்டது. இன்று கொழும்பு தேசிய நூதனசாலையில் இருக்கிறது. அதில் மூன்று மொழிகள். சீனத்தில் புத்தருக்குக் காணிக்கை, தமிழில் தேவேந்திரமுனையின் தெய்வமான தென்னவரை நாயனாருக்கு, பாரசீகத்தில் அல்லாஹ்வுக்கு. பொன், வெள்ளி, பட்டு, எண்ணெய் என்று மூவருக்கும் ஏறக்குறைய ஒரே பட்டியல். அதே ஜெங் ஹ பிறகு கோட்டையின் ஆட்சியாளரைச் சிறைபிடித்துச் சீனாவுக்குக் கொண்டுபோனார் என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லத்தான் வேண்டும். என்றாலும், ஒவ்வொருவருக்கும் அவரவர் மொழியில் சொல்லவேண்டும் என்று 600 வருடத்துக்கு முன்பே யாரோ யோசித்திருக்கிறார்கள்.

ஆகவே, என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டவர்களுக்கு எங்கள் பதில்: அல்ஹம்துலில்லாஹ், வயிறு நிறைய ஹலாலாகச் சாப்பிட்டோம். இப்போது நாங்கள் ஒன்று கேட்கிறோம். ஹலால் என்றால் என்னவென்று பக்கத்து ஊர் நண்பனுக்குச் சிங்களத்தில் இரண்டே சொல்லில் சொல்ல எங்கள் பிள்ளைகளுக்குத் தெரியுமா? அடுத்த தவணையில் இரண்டாம் மொழிச் சிங்களப் பாடத்தில் இதையே ஒரு செயற்பாடாகக் கொடுக்கப்போகிறோம். நீங்கள் வீட்டில் இன்றிரவே பிள்ளைகளிடம் கேட்டுப் பாருங்கள். நல்ல பதில் வந்தால் கீழே எழுதுங்கள், வகுப்பில் வாசித்துக் காட்டுவோம், இன்ஷா அல்லாஹ்.