மிதக்கும் கல்லும் நிற்கும் கல்லும்

நண்பர்களே, மலருக்கு எல்லோரும் கவிதை கொடுத்திருப்பீர்கள். எனக்குக் கவிதை வராது. அதனால் ஒரு கல்லைப் பற்றி எழுதுகிறேன்.

ஆறாம் வகுப்பு படிக்கும்போது எனக்கென்று சொந்தமாக ஒரு நாடு இருந்தது. சிரிக்காதீர்கள். நாற்பது பக்க நோட்டில் வரைபடத்தோடு இருந்த நாடு. பெயர் மிதவை நாடு. அங்கே பாறைகள் தரையில் கிடக்காது. தென்னை மர உயரத்தில் மிதக்கும். ஒரு பாறையின் நிழலில் நின்றால், நாம் பேசுவதற்கு முன்பே நம் குரல் கேட்கும். இன்னொரு பாறையை மூன்று முறை சுற்றி வந்தால் நேற்றைய நாள் திரும்பி வரும். அந்த நாட்டில் ஒரே ஒரு சட்டம்தான்: எந்தக் கல்லும் யார் மேலும் விழக்கூடாது.

அந்தச் சட்டத்துக்குக் காரணம் உண்டு. என் அப்பாவுக்குக் கல் குவாரியில் வேலை. அந்த வருஷம் மேலேயிருந்து சரிந்த கல் ஒன்று இடது பாதத்தில் விழுந்து அவருக்கு இரண்டு விரல் போய்விட்டது. நேற்றைத் திருப்பித் தரும் பாறையை நான் வரைந்தது அந்த வாரத்தில்தான்.

பாலிடெக்னிக் வந்து மெக்கானிக்ஸ் படித்ததும் மிதவை நாடு மறந்து போனது. போன காணும் பொங்கலுக்கு அப்பா, அம்மா, தங்கையோடு மாமல்லபுரம் போனபோதுதான் அது திரும்ப ஞாபகம் வந்தது. காரணம், வெண்ணெய் உருண்டைக் கல்.

நம்மில் பலர் பார்த்திருப்போம். சுமார் 6 மீட்டர் உயரம், 5 மீட்டர் அகலம், எடை ஏறக்குறைய 250 டன் என்கிறார்கள். சரிவில் இதோ உருளப் போகிறது என்பது போல நிற்கும். 1908-ல் கவர்னர் ஆர்தர் லாலி ஏழு யானைகளை விட்டு இழுத்தும் அசையவில்லை என்று ஒரு கதை உண்டு. 2019 அக்டோபரில் இந்தியப் பிரதமரும் சீன அதிபரும் இதன் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். எங்கள் பக்கத்தில் நின்ற ஒருவர், "இது சாமி புடிச்சு நிறுத்துன கல்லு" என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்.

எனக்குள் இருந்த சிவில் மாணவன் விடுவானா? பஸ் டிக்கெட்டின் பின்பக்கம் கணக்குப் போட்டேன். சரிவு 45 டிகிரி என்று எங்கோ படித்திருந்தேன். கல் வழுக்காமல் நிற்க உராய்வுக் கெழு குறைந்தது 1 இருக்க வேண்டும். கல்லோடு கல் உரசும்போது சாதாரணமாக 0.6, 0.7 தான் கிடைக்கும். எடை 250 டன்னாக இருந்தாலும் 250 கிலோவாக இருந்தாலும் இந்தக் கணக்கில் அது அடிபட்டுப் போகும். ஆக, கல் உருண்டு போயிருக்க வேண்டும். ஆனால் நிற்கிறது! மிதவை நாட்டுக்கே வந்துவிட்டேனா என்று ஒரு நிமிஷம் தோன்றியது.

அப்பாவிடம் சொன்னேன். அவர் பள்ளிக்கூடம் போனதில்லை. கல்லைச் சுற்றி ஒரு நடை நடந்துவிட்டு வந்தார்.

"சுத்தி இருக்கற சரிவ அளந்துட்ட. அது உக்காந்துகினு இருக்கற எடத்த அளந்தியா?"

குனிந்து பார்த்தேன். பிள்ளைகள் சறுக்கு விளையாடும் இடத்தில்தான் சரிவு அதிகம். கல் உட்கார்ந்திருக்கும் இடத்தில் அவ்வளவு இல்லை. பின்பக்கம் போனால் அது முழு உருண்டையும் இல்லை, ஒரு பக்கம் போன பாதி உருண்டை. புவியீர்ப்பு மையம் அடிப்பகுதிக்கு நேர் மேலே விழுகிறது, அதனால் கவிழாது. சரிவு குறைவு, அதனால் உராய்வே போதும். யானை இழுக்கும்போதுதான் அந்த 250 டன் குறுக்கே வந்து நிற்கும். கல்லை யாரும் கொண்டுவந்து வைக்கவும் இல்லை. பாறையின் வெடிப்புகளில் தண்ணீர் இறங்கி, மூலைகள் முதலில் தேய்ந்து, எத்தனையோ ஆயிரம் வருஷங்களில் அங்கேயே உருண்டையானது அது.

என் கணக்கு சரி, நான் எடுத்த கோணம்தான் தப்பு.

திரும்பும்போது பஸ்ஸில் அப்பாவிடம் முதல் முறையாக அந்த நோட்டைப் பற்றிச் சொன்னேன். கேட்டுவிட்டுச் சிரித்தார். "கல்லு மெதக்குற ஊர்ல எனக்கு ஏதுடா வேலை?" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "அன்னிக்கு அந்தக் கல்லு வரும்னு எனக்குத் தெரியும்டா. மேஸ்திரிகிட்ட சொன்னேன். யாரு கேக்கறாங்க?" என்றார். அதுவரை அவர் வீட்டில் இதைச் சொன்னதே இல்லை.

குவாரியில் பாறையைப் படிப்படியாக வெட்டித்தான் இறங்க வேண்டும் என்று விதி இருக்கிறது. அப்பா வேலை செய்த இடத்தில் சுவர் போல நேராக வெட்டினார்கள். கல் விழுந்ததில் மர்மம் எதுவும் இல்லை. தெரிந்தவர் சொன்னதைக் கேட்க ஆள் இல்லை, அவ்வளவுதான்.

நண்பர்களே, நாளை நம்மில் பலர் சூப்பர்வைசராகப் போவோம். கையில் டிப்ளமோ இருக்கும். எதிரில் கடப்பாரையோடு ஒருவர் நின்று, "சார், இந்தக் கல்லு நிக்காது" என்பார். அப்போது டிக்கெட்டின் பின்பக்கம் போட்ட கணக்கை மட்டும் நம்பாமல், அவரோடு ஒரு நடை சுற்றி வாருங்கள். மிதவை நாட்டின் அந்த ஒரே சட்டத்தை இந்த நாட்டிலும் கொண்டுவர எனக்குத் தெரிந்த வழி இதுதான்.

- இறுதியாண்டு சிவில் மாணவன்