கொல்லனின் உள்ளம்

மந்திரப் படைக்கலங்கள் வரும் கதை எதுவாயினும், அதைக் கேட்கும் சிறுவர் முதலில் வினவுவது ஒன்றே: "எல்லாவற்றிலும் வலிய ஆயுதம் எது?" பெரியவர்களாகிய நாமும் உள்ளூர அதையே வினவுகிறோம். ஆனால் ஆங்கிலப் பேராசிரியர் டோல்கீன் புனைந்த 'மிடில் எர்த்' என்னும் கற்பனை உலகில் நெடுநாள் உலவியபின், அவ்வினா நம் உள்ளத்தில் வேறொன்றாக மாறிவிடுகிறது: "இதைச் செய்தவன் எத்தகையவன்?"

1937இல் வெளிவந்த 'தி ஹாபிட்' நூலிலும், 1954, 1955 ஆண்டுகளில் மூன்று தொகுதிகளாய் வந்த 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நூலிலும் ஒளிரும் வாள்கள் உண்டு. கொண்டோலின் என்னும் நகரில் எல்ஃப் இனத்தார் வடித்தவை அவை. ஓர்க் என்னும் கொடியோர் அணுகும்போது நீல ஒளி வீசும். அவ்வொளி பகைவரைக் கொல்வதில்லை, ஏந்தியவரை எச்சரிக்கிறது. அந்நகரம் அழிந்து பல்லாயிரம் ஆண்டுகள் கடந்தபின்னும், அதைக் காத்து நின்றவர்களின் விழிப்பு அந்த இரும்பில் உறங்காதிருக்கிறது.

இதற்கு மறுதலையாகவும் ஒரு வாள் உண்டு. ஆசிரியர் மறைந்தபின், 1977இல் அவர் மைந்தர் பதிப்பித்த 'தி சில்மரில்லியன்' அதன் கதையைக் கூறும். விண்ணிலிருந்து வீழ்ந்த இரும்பைக் கொண்டு ஏயோல் என்னும் இருண்ட மனத்தான் செய்த கரிய வாள் அது. பெலெக் என்னும் வீரன் அதைத் தேர்ந்தெடுத்தபோது, கொல்லனின் தீய உள்ளம் அதில் இன்னும் உறைகிறது என்று அரசி மெலியன் எச்சரித்தாள். அவன் கேட்கவில்லை. சிறைப்பட்டிருந்த தன் நண்பன் டூரினின் தளைகளை அவ்வாளாலேயே அறுத்தபோது அது வழுக்கி நண்பனின் காலைக் கீறிற்று. இருளில் விழித்த டூரின், பகைவன் என்றெண்ணி, அதே வாளால் தன்னை மீட்க வந்தவனையே வெட்டி வீழ்த்தினான். முடிவில் டூரினின் உயிரையும் குடித்தது அதுவே.

அவ்வுலகின் மிகப்பெரும் ஆயுதமோ ஒரு சிறு மோதிரம். சௌரான் என்னும் கொடியவன் தன் ஆற்றலின் பெரும்பகுதியை அதில் ஊற்றி வைத்தான். "இதைக் கொண்டே அவனை வெல்லலாமே" என்று எண்ணுகிறான் போரோமிர் என்னும் வீரன். காண்டால்ஃபும் கலாட்ரியேலும் அதை ஏற்க மறுக்கின்றனர். நல்லவர் கையில் ஏறினும், செய்தவனின் எண்ணத்தையே அது நிறைவேற்றும் என்பதை அவர்கள் அறிவர்.

டோல்கீன் படைக்கலங்களை ஏட்டில் மட்டும் அறிந்தவரல்லர். 1916இல் பிரான்சின் சோம் போர்க்களத்தில் சமிக்ஞை அதிகாரியாய்ப் பணியாற்றியவர். நெருங்கிய தோழர் மூவருள் இருவரை அவ்வாண்டிலேயே போருக்குப் பறிகொடுத்தவர். அவர்தம் அன்னையார் 1900இல் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்து, 1904இல், மகனுக்குப் பன்னிரண்டு வயதாயிருக்கையில், மறைந்தார். அவர் விதைத்த விசுவாசம் மகனின் வாழ்நாள் முழுதும் நிலைத்தது.

ஆயினும் நம் உள்ளத்தை மிகவும் தொடுவது பெயரில்லாத ஒரு குறுவாளே. அங்மார் நாட்டு மாயாவி அரசனோடு பொருத வடநாட்டு மக்களுள் யாரோ ஒரு கொல்லன் அதை வடித்தான். அவன் நாடு வீழ்ந்தது, அவனும் மறைந்தான், வாள் ஒரு கல்லறைக் குகையில் கிடந்தது. ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலான பின், மெர்ரி என்னும் குள்ள மனிதன் கையில் அது ஏறுகிறது. பெரும்போரில் அவன் அம்மாயாவியின் முழங்காலுக்குப் பின்புறம் அதைப் பாய்ச்ச, அவ்வுடலைக் காத்திருந்த மந்திரக்கட்டு அறுகிறது. உடனே ஏயோவின் என்னும் வீரமங்கை அவனை வீழ்த்துகிறாள். குறுவாளோ புகைந்து எரிந்து இல்லாதொழிகிறது. அவ்விடத்தில் கதாசிரியர் சற்றே நின்று, இதை அறிந்தால் மகிழ்ந்திருப்பானே என்று அந்தக் கொல்லனை நினைவுகூர்கிறார்.

இதைப் படித்தபோது நம் குடும்பம் நம் நினைவுக்கு வந்தது. பாட்டனார் காலத்துப் பாகப்பிரிவினையில் உடன்பிறந்தார் இருவரிடையே ஒரு சொல் வீசப்பட்டது. அதை இங்கே எழுதுவதற்கில்லை. சொன்னவரும் கேட்டவரும் இன்று ஒரே கல்லறைத் தோட்டத்தில் துயில்கின்றனர். சொல் மட்டும் துயிலவில்லை. எந்த நிலம், எவ்வளவு என்று அறியாத பேரப்பிள்ளைகளும் அச்சொல்லை அறிந்திருந்தனர். ஒரு வீட்டுத் திருமணப் பந்தியில் மறு வீட்டார் அமர்ந்ததில்லை.

நம் அன்னையார் அதைப் பற்றி யாரிடமும் வாதாடியதில்லை. கிறிஸ்து பிறப்பு விழாதோறும் ஒரு பித்தளைத் தட்டில் அதிரசமும் முறுக்கும் வைத்துத் துணியால் மூடி, அவ்வீட்டுத் திண்ணையில் வைத்துவிட்டு வருவார். மறுநாள் வெறுந்தட்டு நம் வாசலில் இருக்கும். ஒரு சொல்லும் உடன் வராது. முப்பது ஆண்டுகள் இவ்வாறே கழிந்தன. அன்னையார் மறைந்த ஆண்டு, துக்கத்தின் பொருட்டு நம் வீட்டில் பலகாரம் சுடவில்லை. விழா நாளன்று அவ்வீட்டு மருமகள் தட்டோடு நம் வாசலில் வந்து நின்றார். "இந்த வருஷம் நீங்கள் எண்ணெய்ச்சட்டி வைத்திருக்க மாட்டீர்களே, அத்தை கொடுத்த தட்டுகளுக்கு இது" என்றார். அதன்பின் இரு வீட்டுப் பிள்ளைகளும் பேசிக்கொள்ளத் தொடங்கினர். அதைக் காண அன்னையார் இல்லை.

அன்பர்களே, சினத்தில் வடித்த சொல்லும் பொறுமையில் வைத்த தட்டும், செய்தவர் கையை விட்டகன்ற பின்னும் செய்தவர் உள்ளத்தைச் சுமந்தே திரிகின்றன. அவை யார் கைக்குப் போய்ச் சேரும், எதை வெட்டும், எதை அறுத்து விடுவிக்கும் என்பதைக் காண நாம் இருக்கமாட்டோம். உலைக்களத்தில் நிற்கும் இப்பொழுது மட்டுமே நம்முடையது.