லாகீஸில் ஓர் அகப்பை

வேதாகமத் தொல்லியலைப் பற்றிப் பேச எங்கே கூப்பிட்டாலும், சபையானாலும் கல்லூரியானாலும், நான் லாகீஸிலிருந்துதான் தொடங்குவேன். நோவாவின் பேழை, உடன்படிக்கைப் பெட்டி என்று ஆரம்பித்தால் கூட்டம் நிமிர்ந்து உட்காரும். ஆனால் காட்டுவதற்குக் கையில் ஒன்றும் இருக்காது. லாகீஸுக்கு மண்மேடு இருக்கிறது, சிற்பம் இருக்கிறது, எழுத்தும் இருக்கிறது.

எருசலேமுக்குத் தென்மேற்கே இருந்த யூதாவின் அந்தக் கோட்டை நகரை கி.மு. 701இல் அசீரிய மன்னன் சனகெரிப் பிடித்தான். அந்த வெற்றியை நினிவே அரண்மனைச் சுவரில் செதுக்கியும் வைத்தான். 19ஆம் நூற்றாண்டில் தொல்லியலாளர் லேயார்ட் தோண்டியெடுத்த அந்தக் கற்பலகைகள் இன்று லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் உள்ளன. படத்தைத் திரையில் போட்டுவிட்டுச் சற்று நேரம் பேசாமல் நிற்பேன். மதில் மேலிருந்து தீவட்டிகள் விழுகின்றன. மதிலை இடிக்கும் பொறி எரிந்துவிடாமல் ஒருவன் நீண்ட அகப்பையால் தண்ணீர் ஊற்றுகிறான். பெரும்பாலும் பிள்ளைகள்தான் அவனை முதலில் கண்டுபிடிப்பார்கள். மூட்டைமுடிச்சோடு நகரை விட்டு வெளியேறும் குடும்பங்களும், மாட்டு வண்டியில் உட்கார்ந்திருக்கும் பெண்களும் பிறகு கண்ணில் படுவார்கள்.

அடுத்தது மண்மேட்டின் படம். அசீரியர் கல்லைக் கொட்டி எழுப்பிய முற்றுகைச் சரிவு அதன் தென்மேற்கு மூலையில் இன்றும் கிடக்கிறது. அங்கே அம்பு முனைகளும் கவண் கற்களும் கிடைத்தன. மதிலுக்கு உட்புறம் நகரத்தார் அவசரமாகக் குவித்த எதிர்மேடும் வெளிப்பட்டது.

இதற்குப் பிறகுதான் எழுத்துக்கு வருவேன். யூதாவின் அரசன் எசேக்கியா சனகெரிப்புக்குச் செலுத்திய கப்பம் 30 தாலந்து பொன் என்று இராஜாக்களின் இரண்டாம் புத்தகமும் சனகெரிப்பின் களிமண் பட்டகமும் ஒன்றுபோலச் சொல்கின்றன. வெள்ளியில்தான் வேறுபாடு: வேதாகமத்தில் 300, பட்டகத்தில் 800. இதை மறைத்துவிடும்படி சிலர் அன்போடு சொல்வதுண்டு. நான் மறைப்பதில்லை. இரண்டையும் அருகருகே வைத்தால் கூட்டம் தானே விவாதிக்கத் தொடங்கும்: எடையளவு வேறா, சனகெரிப் பெருமைக்குக் கூட்டிச் சொன்னானா? சாட்சிகளை விசாரிக்கும் அந்தப் பழக்கம் வந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

மீதிப் பாதி கடினம். தோண்டும்போது வெளிப்படும் மண் அடுக்குக்குக் காலம் குறிப்பது எப்படி என்று சொல்லியாக வேண்டும். லாகீஸின் எரிந்த மூன்றாம் அடுக்கு 701இல் அழிந்ததா, ஒரு நூற்றாண்டு கழித்துப் பாபிலோனியர் காலத்தில் அழிந்ததா என்று அறிஞர்களே நெடுங்காலம் மாறுபட்டார்கள். 1970களில் தொடங்கிய டேவிட் உஷிஷ்கினின் அகழாய்வு 701 என்று நிலைநாட்டியது. அந்த அடுக்கின் பானைகளை வைத்தே யூதாவின் மற்ற ஊர்களிலும் காலம் கணிக்கிறார்கள். உடைந்த ஓட்டுக்கு ஏன் இத்தனை மதிப்பு என்பது அப்போதுதான் கேட்பவர்களுக்குப் பிடிபடும்.

எரிகோவின் மதிலைப் பற்றியும் யாராவது ஒருவர் கேட்காமல் இருக்க மாட்டார். 1930களில் அங்கே தோண்டிய கார்ஸ்டாங் யோசுவா காலத்தது என்று சொன்ன மதில், ஏறக்குறைய ஆயிரம் ஆண்டு முந்தையது என்று 1950களில் கேத்லீன் கென்யன் காட்டினார். இதைச் சொல்லும்போது மூத்த விசுவாசிகள் சிலரின் முகம் வாடும். எனக்கும் வருத்தமாகத்தான் இருக்கும். ஆனாலும் முழுதாகச் சொல்வதே அவர்களுக்கு நான் செய்யும் மரியாதை.

தமிழில் இதை எழுதுவோருக்கும் மேடையில் பேசுவோருக்கும் ஒரு வேண்டுகோள். ஒரு கண்டுபிடிப்பைப் பகிரும்போது எந்த இடத்தில், எந்த அடுக்கில், யார் தோண்டியபோது கிடைத்தது என்பதைச் சேர்த்துச் சொல்லுங்கள். இயேசுவின் சகோதரன் யாக்கோபினுடையது என்று 2002இல் பரபரப்பான எலும்புப் பெட்டியைப் போல, அகழாய்வில் கிடைக்காமல் பழம்பொருள் சந்தை வழியாக வந்ததென்றால் அதையும் சொல்லிவிடுங்கள்.