வாயசைப்பு

1990. கடற்கரை. பருத்த உடம்பு, நடுத்தர வயது. பக்கத்தில் ராதிகா. படம் ‘கேளடி கண்மணி’. எஸ்.பி.பாலசுப்ரமணியம் வாயசைக்கிறார். ஒலிக்கும் குரலும் அவருடையதே. அதுவரை அந்தக் குரலுக்கு வாயசைத்தவர்கள் எம்.ஜி.ஆர்., சிவாஜி, ரஜினி, கமல்.

சரணம் நீள்கிறது. மூச்சு வாங்கும் ஓசை இல்லை. திரையரங்கில் கைதட்டல். ஒலிப்பதிவில் ஒட்டிச் சேர்த்தது என்று பின்னாளில் அவரே சொல்லிவிடுகிறார். மேடைக்கு மேடை அதே பாட்டைத்தான் கேட்கிறார்கள். சிரிக்கிறார். பாடுகிறார்.

1969. ‘அடிமைப்பெண்’. பாட வேண்டிய இளைஞன் பாலசுப்ரமணியம் டைபாய்டில் படுத்திருக்கிறான். வேறு பாடகரைத் தேடவில்லை. எம்.ஜி.ஆர். காத்திருக்கிறார்.

டப்பிங் அறை. திரையில் கமல். உதடு தமிழில் அசைகிறது, குரல் தெலுங்கில் பொருந்துகிறது. 2008இல் ‘தசாவதாரம்’. பத்து வேடங்களில் ஏழுக்கு இவர் குரல்.

‘காதலன்’. காக்கிச் சட்டை, கான்ஸ்டபிள். மகன் பிரபுதேவா. மகன் ஆட, அப்பாவும் கூடச் சேர்ந்து ஆடுகிறார். கால் தாளம் தப்பவில்லை.

2012. ‘மிதுனம்’, தெலுங்கு. படம் முழுக்க இரண்டே பேர்: லட்சுமி, இவர். வயதான கணவன், மனைவி. அடுப்படி, கொல்லை, சாப்பாடு, சண்டை, மறுபடி சாப்பாடு.

ஈடிவி. 1996இல் தொடங்கிய பாட்டுப் போட்டி ‘பாடுதா தீயகா’. மேடையில் ஒரு சிறுமி. பட்டுப்பாவாடை. இரண்டு கையாலும் மைக்கைப் பிடித்திருக்கிறாள். எதிரே அவர். கண் மூடியிருக்கிறது. ஓரிடத்தில் புருவம் மட்டும் லேசாக ஏறுகிறது.

பாட்டு முடிகிறது. மதிப்பெண் உடனே வரவில்லை. எழுதியவர் பெயரைச் சொல்கிறார். மெட்டுப் போட்டவர் பெயர். அந்தப் பாட்டு பிறந்த கதை. சிறுமி நின்றபடி கேட்கிறாள்.

பிறகு புருவம் ஏறிய இடம். அவள் பாடியபடி ஒருமுறை பாடிக் காட்டுகிறார். பாட வேண்டியபடி ஒருமுறை. முறையாகக் கர்நாடக சங்கீதம் பயிலாதவர். ‘சங்கராபரணம்’ படத்தின் வித்வானுக்குப் பாடி தேசிய விருது வாங்கியவர்.

சிறுமி பாடுகிறாள். பாதி வருகிறது. தலையசைக்கிறார். இன்னொரு தடவை. வாத்தியக்காரர்கள் அந்த இடத்தைத் திரும்ப எடுக்கிறார்கள். கமகம் வந்து உட்காருகிறது. அவர் கைதட்டுகிறார், அரங்கம் அதற்குப் பிறகுதான் தட்டுகிறது.

அடுத்த பையன் சட்டையைச் சரிசெய்துகொண்டு வருகிறான்.